நகரும் மணலுக்கு ஒரு வரைபடம்: அரிச்சல்முனையில் ஐந்து நாள்

முதல் நாள்: மாசி, வளர்பிறை சப்தமி

தனுஷ்கோடியைத் தாண்டி அரிச்சல்முனை வரைக்கும் தார்ச்சாலை போகிறது. சாலை முடிந்து வட்டமடிக்கும் இடத்தில் சிங்கத் தூண். அதற்கு அப்பால் மணல்தான். அந்த மணலை வரைவது, கனவில் நடந்த தெருவை விடிந்ததும் தாளில் போட்டுப் பார்க்கிற வேலை மாதிரி. நேற்று இருந்த வளைவு இன்று இல்லை, போன மாதம் ஒன்றாகக் கிடந்த திட்டு இந்த மாதம் இரண்டு. அதனால் இங்கே முதலில் தேட வேண்டியது நகராத பொருளை. கடற்கரைக் கோடு அதற்குப் பிறகுதான்.

நகராதவை மூன்று வகை. ஒன்று, 1964 டிசம்பர் 22 நள்ளிரவைத் தாண்டி அடித்த புயலில் தப்பி நிற்கும் இடிபாடுகள்: தேவாலயச் சுவர், ரயில் நிலையத்தின் மிச்சம். இரண்டு, 2017இல் திறந்த சாலையும் அதன் ஓரக் கட்டுமானங்களும். மூன்று, முனையிலுள்ள தூணின் பீடம். மணலில் முளை அடித்து அதைக் குறியாக வைக்கிற யோசனையே வேண்டாம். ஒரு வாடைக்காலம் தாங்காது. புதைந்து போகும், அல்லது யாராவது விறகுக்குப் பிடுங்கிப் போவார்கள். சாலையோரச் சிமென்ட் கட்டில் ஆணி அடித்து, சுற்றிச் சிவப்புப் பெயின்ட் வட்டம் போடுவது போதும். ஒன்று போதாது, ஒன்றுக்கொன்று ஐம்பது மீட்டராவது தள்ளி இரண்டு வேண்டும். ஒன்று உடைந்தாலும் மற்றது இருக்கும். இரண்டுக்கும் இடையிலான தூரம் மாறியிருந்தால் ஏதோ நடந்திருக்கிறது என்று தெரியும்.

இன்றைய வேலை பழைய படத்தை இன்றைய பூமியில் உட்கார வைப்பது. புயலுக்கு முந்தைய ஓரங்குல-ஒரு மைல் படங்கள் 1:63,360 அளவு. அந்தப் படத்தில் அரை மில்லிமீட்டர் தடிப்புள்ள கோடு தரையில் 32 மீட்டர். எனவே பழைய கரையையும் இன்றைய கரையையும் ஒப்பிட்டு இருபது மீட்டர் அரித்துவிட்டது என்று யாராவது சொன்னால், அவர் பேனாவின் தடிப்பை அளந்திருக்கிறார் என்று அர்த்தம்.

இரண்டாவது பள்ளம் ஆள்கூற்று முறை, அதாவது ஓர் இடத்தை எண்களால் சொல்லும் முறை. பழைய படங்கள் எவரெஸ்ட் நீள்வட்டம் என்ற, பூமியின் வடிவத்துக்கான பழைய கணித மாதிரியை வைத்தவை. கையிலுள்ள ஜிபிஎஸ் பேசுவது டபிள்யூஜிஎஸ் 84 என்ற இன்றைய மாதிரியில். இரண்டையும் மாற்றாமல் ஒன்றன்மேல் ஒன்று போட்டால், இந்தப் பகுதியில் நூறு மீட்டருக்கும் மேல் விலகும். ஊரே கடலுக்குள் நிற்கும். வேலைக்குரிய சட்டகம் யுடிஎம் 44 வடக்கு, மீட்டரில் அளக்கும் கட்ட முறை. க்யூஜிஐஎஸ் என்ற வரைபட மென்பொருளில் அதன் எண் 32644.

மூன்றாவதுதான் பலரும் விழுகிற குழி. தனுஷ்கோடி ஒரு நீள நாக்கு. தேவாலயம், நிலையம், பழைய தண்டவாளப் பாதை எல்லாமே கிட்டத்தட்ட ஒரே கோட்டில் வரும். கட்டுப்பாட்டுப் புள்ளிகள், அதாவது பழைய படத்திலும் இன்றைய தரையிலும் அடையாளம் தெரியும் இடங்கள், ஒரே வரிசையில் இருந்தால், அந்த வரிசையை அச்சாக வைத்துப் படம் இருபுறமும் இழுபடும். நீளம் சரியாக இருக்கும், அகலம் பொய் சொல்லும். பிழைக்கணக்கில் மட்டும் சின்ன எண் வந்து நம்மை ஏமாற்றும். இதற்குப் பரிகாரம் இரண்டு. படத்தை வளைத்து இழுக்கும் பல்லுறுப்புக் கோவை முறையை விட்டுவிட்டு, நகர்த்தல், சுழற்றல், ஒரே அளவு மாற்றம் மட்டும் செய்யும் ஹெல்மெர்ட் முறையைத் தேர்ந்தெடுப்பது. கூடவே பாம்பன், இராமேசுவரம் பக்கத்திலிருந்து வரிசைக்கு வெளியே தள்ளி நிற்கும் புள்ளிகளைச் சேர்ப்பது. மொத்தம் ஆறு எட்டு இருந்தால் நல்லது. அதில் இரண்டைக் கணக்கில் சேர்க்காமல் சோதனைக்கு ஒதுக்கிவிட வேண்டும்.

1802இல் பரங்கிமலைப் பக்கம் நில அளவையாளர் லாம்டன் ஏழரை மைல் அடிக்கோட்டைச் சங்கிலியால் அளந்து இந்தியாவின் பெரிய முக்கோண அளவையைத் தொடங்கியதும் இதே காரணத்துக்காகத்தான். நாடு முழுக்கப் போகிற முக்கோணங்கள் எல்லாம் தொங்குவதற்கு நகராத ஓர் ஆணி வேண்டும்.

இரண்டாம் நாள்: அஷ்டமி

அஷ்டமியைப் பார்த்து வந்ததற்குக் காரணம் உண்டு. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஓதம் (கடலின் ஏற்றவற்றம்) பெரிது. அஷ்டமிக்கு ஒன்றிரண்டு நாள் கழித்து அது மிகச் சிறுக்கும். ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் வித்தியாசம் குறைவாக இருக்கும்போது, நடந்து முடிக்கும் வரை நீர்க்கோடு ஏறக்குறைய ஓரிடத்தில் நிற்கும்.

இங்கே ஓதம் மொத்தமே ஒரு மீட்டருக்குள்தானே என்று அலட்சியம் வரும். சரிவைக் கணக்கில் எடுத்தால் போய்விடும். இருபதுக்கு ஒன்று சரிவுள்ள கரையில் தண்ணீர் 40 சென்டிமீட்டர் ஏறினால் நீர்க்கோடு 8 மீட்டர் உள்ளே வரும். அறுபதுக்கு ஒன்று என்ற தட்டைக் கரையில் அதே 40 சென்டிமீட்டர் 24 மீட்டர். காலையில் வடகரையையும் மதியம் தென்கரையையும் நடந்து இரண்டையும் ஒரே படத்தில் ஒட்டினால், முனை உள்ளதைவிடத் தடித்தோ மெலிந்தோ தெரியும்.

எந்தக் கோட்டை நடப்பது? அலை நுரையின் விளிம்பை நடக்கக் கூடாது. அது பத்து விநாடிக்கு ஒருமுறை மாறும். பாக் நீரிணைப் பக்கத்தில் ஒதுங்கிக் கிடக்கும் கடற்புல் சருகு வரிசை, கடைசி ஏற்றம் தொட்ட இடம். அதுதான் சிறந்த கோடு. சருகு இல்லாத இடத்தில் காய்ந்த மணலும் ஈர மணலும் பிரியும் நிறக்கோடு. சில இடங்களில் இரண்டு சருகு வரிசை இருக்கும். மேலே இருப்பது போன பௌர்ணமியோ அமாவாசையோ விட்டுப் போனது, பொடியாக நொறுங்கும். கீழே இருப்பது புதிது, கையில் எடுத்தால் வளையும். புதிதைத்தான் நடக்க வேண்டும். பாதி வழியில் ஒன்றிலிருந்து மற்றதற்குத் தாவினால் படத்தில் ஒரு வளைகுடா முளைக்கும்.

நடக்கும் முறை:

சிவப்பு வட்டத்தின்மேல் ஜிபிஎஸ்ஸை வைத்து இரண்டு நிமிடம் சராசரி எடுக்க வேண்டும். பிறகு 5 மீட்டருக்கு ஒரு புள்ளி என்று பதிவை வைத்துக்கொண்டு, நிற்காமல் ஒரே சீரான நடை. முனையைச் சுற்றும்போது மட்டும் 2 மீட்டருக்கு ஒன்று. வளைவு அங்கேதான் இருக்கிறது. முடித்ததும் திரும்பவும் அதே ஆணியில் இரண்டு நிமிடம். காலையில் வந்த எண்ணுக்கும் இதற்கும் உள்ள வித்தியாசம்தான் அன்றைய உண்மையான பிழை. கருவியின் திரையில் "துல்லியம் 3 மீட்டர்" என்று வருவதைப் படத்தில் எழுதக் கூடாது, இந்த வித்தியாசத்தை எழுத வேண்டும்.

கைபேசியில் செய்பவர்களுக்கு ஒரு தொல்லை. சில செயலிகள் நடந்த தடத்தைச் சாலையோடு ஒட்டிக் காட்டும். மணலில் நடந்தவர் தார்ச்சாலையில் நடந்ததாகப் பதிவாகும். அந்த வசதியை முதலிலேயே அணைக்க வேண்டும். பத்து மணி வெயிலில் கைபேசி சூடேறித் தானே அணைந்துவிடும், ஈரத்துணியில் சுற்றக் கூடாது, தொப்பி நிழலில் வைத்தால் போதும்.

உயர எண்ணைப் பார்த்துப் பயப்படவும் வேண்டாம். சுத்தமான நீள்வட்ட உயரம் காட்டும் கருவி, காலடியில் அலை வந்து போகும்போதே கடல் மட்டத்துக்குக் கீழே தொண்ணூறு மீட்டர் அளவில் நிற்பதாகச் சொல்லும். கருவி பழுது இல்லை. இந்தியாவுக்கும் இலங்கைக்கும் தெற்கே பூமியின் ஈர்ப்புப் பரப்பில் உலகத்திலேயே ஆழமான பள்ளம் இருக்கிறது, நூறு மீட்டருக்கும் மேல். கடல் மட்டமே அங்கே அந்த அளவு தாழ்ந்து கிடக்கிறது. இந்தப் பயணத்தில் கனவுக்கு மிகவும் பக்கத்தில் வரும் விஷயம் எதுவென்றால் இதுதான், அதுவும் அளந்து நிரூபித்த உண்மை. படத்துக்கு அந்த எண் உதவாது. உயரத்தை நாளைக்குத் தனியாக எடுக்க வேண்டும்.

முனையில் இறங்கிக் குளிக்கக் கூடாது. இரண்டு கடலின் நீவாடும் (நீரோட்டமும்) சந்திக்கிற இடம், கால் இழுக்கும். இடுப்பளவுத் தண்ணீரில் நின்று அளக்கும் ஆசையும் அதில் சேரும்.

மூன்றாம் நாள்: நவமி

இன்று உயரம். விலை உயர்ந்த கருவி எதுவும் வேண்டாம். 1961இல் கே. ஓ. எமரி எழுதிய இரட்டைக் கம்பு முறை இன்றும் கடற்கரைக்குப் போதும்.

இரண்டு நேரான சட்டங்கள், தலைக்கு 1.5 மீட்டர். மேல் நுனியைப் பூஜ்யமாக வைத்துக் கீழ்நோக்கி ஒவ்வொரு சென்டிமீட்டருக்கும் கோடு. அடியில் உள்ளங்கை அளவு பலகை ஆணியடித்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் ஈர மணலில் கம்பு இறங்கி, அளவு எல்லாம் தள்ளிப்போகும். இரண்டையும் இணைக்கச் சரியாக 1.5 மீட்டர் கயிறு. நைலான் கயிறு நீளும், மெல்லிய கம்பியோ சட்டமோ நல்லது.

ஒருவர் கரைப்பக்கம், ஒருவர் கடல்பக்கம். இருவரும் கம்பைச் செங்குத்தாகப் பிடிக்க வேண்டும். கரை கடலை நோக்கிச் சரியும்போது கடல்பக்கக் கம்பின் நுனி தாழ்ந்திருக்கும். கரைப்பக்கத்தவர் அந்த நுனியும் அடிவானமும் ஒரே கோட்டில் வரும்படி கண்ணைத் தாழ்த்துகிறார். அந்தப் பார்வைக்கோடு அவர் கம்பில் எத்தனையாவது சென்டிமீட்டரில் வெட்டுகிறதோ, அதுதான் இறக்கம். மணல்மேடு குறுக்கே வந்து கடல்பக்கம் உயர்ந்தால் நேர்மாறு: கரைப்பக்கக் கம்பின் நுனி வழியாக அடிவானத்தைப் பார்த்து, கடல்பக்கக் கம்பில் எண்ணைப் படித்து, கூட்டல் குறி போட வேண்டும். குறியை மறந்துபோவதுதான் இந்த முறையில் மிகுதியாக நடக்கிற தப்பு. அதனால் ஏட்டில் "இறங்கு", "ஏறு" என்று எழுத்தால் எழுதுவது நல்லது.

பிறகு கரைப்பக்கத்தவர் வந்து, கடல்பக்கக் கம்பு இருந்த அதே அச்சில் தன் கம்பை வைக்கிறார். முன்னவர் 1.5 மீட்டர் முன்னே போகிறார். நாற்பது வைப்பில் 60 மீட்டர் வெட்டு (கரையிலிருந்து கடலை நோக்கிப் போகும் குறுக்கு அளவு) ஒன்று முடியும்.

இதில் ஒரு நுணுக்கம் உண்டு. அடிவானம் கண்மட்டத்துக்குச் சற்றே கீழே இருக்கிறது. ஒன்றரை மீட்டர் கண் உயரத்துக்கு ஒவ்வொரு வைப்பிலும் சுமார் ஒரு மில்லிமீட்டர் இறக்கத்தைக் குறைத்துக் காட்டும். நாற்பது வைப்பில் 4 சென்டிமீட்டர். ஒரே பக்கமாகச் சேரும் பிழை என்பதால் கடைசியில் கூட்டிக்கொள்ளலாம். காலைப் புகைமூட்டத்தில் அடிவானம் தெரியாவிட்டால் அளக்கவே கூடாது, மேகத்தின் அடிவிளிம்பை அடிவானம் என்று நினைத்தால் முழு வெட்டும் வீண்.

வெட்டு தொடங்கும் இடத்துக்கு ஆணியிலிருந்து உயரத்தைக் கடத்த வேண்டும். அதற்குக் கொத்தனார் வைத்திருக்கும் லெவல் டியூப்தான். உள்ளே தெரியும் பத்து மீட்டர் பிளாஸ்டிக் குழாய், அதில் தண்ணீர். வாளியிலிருந்து உறிஞ்சி நிரப்ப வேண்டும், குழாயடியில் பிடித்தால் குமிழி நிற்கும். பட்டாணி அளவுக் குமிழி ஒன்று நடுவில் நின்றால் இரு முனை நீர்மட்டமும் சமமாகாது. தொடங்குமுன் இரு முனையையும் பக்கத்தில் பக்கத்தில் பிடித்து ஒரே மட்டம்தானா என்று பார்ப்பது பத்து விநாடி வேலை. குழாயின் பாதி வெயிலிலும் பாதி நிழலிலும் கிடக்கவும் கூடாது. ஆணியின் உயரத்தை 10.00 மீட்டர் என்று வைத்துக்கொண்டால் ஏட்டில் எங்கும் கழித்தல் எண் வராது.

வெட்டுகளுக்கு இடைவெளி எவ்வளவு? நேரான கரையில் 100 மீட்டருக்கு ஒன்று தாராளம். முனையில் இந்தக் கணக்கு உடைந்துபோகும். சாலைக்குச் செங்குத்தாக வெட்டுகள் போட்டுக்கொண்டே வந்தால், நுனியில் அவை கரையைக் குறுக்கே வெட்டாமல் அதன் கூடவே ஓடும். மணல் பத்து மீட்டர் பக்கவாட்டில் நகர்ந்ததை முப்பது மீட்டர் அரிப்பு என்று காட்டும். நுனிக்குச் சிங்கத் தூணை மையமாக வைத்துக் குடை விரித்தாற்போல் 15 பாகைக்கு ஒரு வெட்டு போட வேண்டும். திசை பிடிக்க ஆணிகள் இரண்டையும் பயன்படுத்தலாம். திசைகாட்டியைத் தூணின் கம்பிக்கட்டுக்குப் பக்கத்தில் வைத்தால் முள் அலையும்.

நான்காம் நாள்: தசமி

காற்று. கம்பு நிற்கவில்லை. மணல் கணுக்கால் உயரத்தில் ஓடுகிறது. அறைக்குள் செயற்கைக்கோள் வேலை.

முனைக்கு அப்பால் உள்ள திட்டுகளுக்குக் காலால் போக வழியில்லை. எல்லைக் கடல், தேசியக் கடல் பூங்காவும் அக்கம்பக்கம். உரிய அனுமதி இல்லாமல் படகும் கூடாது, டிரோனும் கூடாது. 2021 பிப்ரவரியில் ஒன்றிய அரசு வரைபட விதிகளைத் தளர்த்தியது உண்மைதான். இந்தியர்கள் பெரும்பாலான இடங்களை முன் அனுமதியின்றி அளக்கலாம். ஆனால் எல்லைப்புறத்தில் கால் வைப்பதற்கான அனுமதியை அது தரவில்லை. ஆகவே மேலிருந்து பார்ப்பதுதான் வழி.

ஐரோப்பாவின் சென்டினல்-2 செயற்கைக்கோள் படம் 10 மீட்டர் கட்டம், ஐந்து நாளுக்கு ஒருமுறை, காலை பத்தரையை ஒட்டி. இலவசம். நீரையும் நிலத்தையும் பிரிக்க 1996இல் மெக்ஃபீட்டர்ஸ் கொடுத்த குறியீடு: பச்சை ஒளிப் பட்டையிலிருந்து அண்மை அகச்சிவப்புப் பட்டையைக் கழித்து, இரண்டின் கூட்டுத்தொகையால் வகுப்பது. பட்டை எண்கள் 3, 8. பூஜ்யத்துக்கு மேலே நீர், கீழே நிலம் என்று தொடங்கலாம். சாலை, சிங்கத் தூண் மேடை ஆகியவை நிலமாக வருகின்றனவா என்று பார்த்து எல்லையைச் சற்று முன்பின் நகர்த்த வேண்டும்.

இங்கே பொய்த்தீவுகள் முளைக்கும். ஆழமில்லாத இடத்தில் அலை உடையும் நுரை, அகச்சிவப்பில் மணலைப் போலவே பளிச்சென்று தெரியும். மெல்லிய மேகத் துணுக்கும் அப்படியே. ஒரே ஒரு படத்தில் மட்டும் இருக்கும் தீவை நம்பக் கூடாது. அடுத்தடுத்த மூன்று தெளிந்த படங்களில் அதே இடத்தை ஒட்டி இருந்தால் திட்டு. அதிலும் மூன்று நாளுக்கும் பத்தரை மணி ஓதம் எப்படி இருந்தது என்று பக்கத்தில் எழுத வேண்டும். வற்றத்தில் தலைகாட்டி ஏற்றத்தில் முழுகும் மணலைத் தனி நிறத்தில் போட வேண்டும், அதை நிலம் என்று போட்டால் படகுக்காரர் தரைதட்டுவார்.

பழசைப் பார்க்க 1984 முதல் அமெரிக்காவின் லேண்ட்சாட் செயற்கைக்கோள்கள் எடுத்த 30 மீட்டர் படங்கள் உண்டு. ஒரு கட்டமே 30 மீட்டர் என்பதை மறக்காமல் பார்த்தால் போதும்.

நீருக்கடியில் என்ன இருக்கிறது என்பது வேறு கருவியின் வேலை. 2024இல் இஸ்ரோ விஞ்ஞானிகள் அமெரிக்காவின் ஐஸ்சாட்-2 செயற்கைக்கோளின் பச்சை லேசரைக் கொண்டு தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னார் வரையிலான 29 கிலோமீட்டர் மேட்டை வரைந்தார்கள். அதில் 99.98 விழுக்காடு தண்ணீருக்குள். நாம் தீவு, திட்டு என்று பெயர் வைத்துச் சண்டை போடுவதெல்லாம் மிச்சமிருக்கும் துளியைப் பற்றி.

பெயர் விஷயம் சின்னதில்லை. செய்தித்தாள்களில் "நான்காம் மணல் திட்டு", "ஐந்தாம் மணல் திட்டு" என்று படிக்கிறோம். அகதிகள் தவித்த இடமாகவே பெரும்பாலும் அந்த எண்கள் வருகின்றன. கரையிலிருந்து எண்ணி வருவதுதான் கணக்கு. இரண்டாவது திட்டு கரைந்துபோனால் மூன்றாவது இரண்டாவதாகிவிடுமா? தேடிப் போகிறவர் எந்தத் திட்டுக்குப் போவார்? எனவே அட்டவணையில் எண்ணைத் திரும்பப் பயன்படுத்தக் கூடாது. 3 பிளந்தால் 3அ, 3ஆ. 3ஆவும் 4ம் ஒட்டினால் "3ஆ+4". கரைந்தால் எண் காலியாகக் கிடக்கட்டும், தேதியோடு. ஒவ்வொன்றுக்கும் நடுப்புள்ளியின் ஆள்கூறு, பரப்பு, படம் எடுத்த நாள், ஓதம். உள்ளூர் மீனவர் சொல்லும் எண்ணுக்குத் தனிப் பத்தி வேண்டும். அதைத் திருத்துகிற உரிமை வரைபவருக்கு இல்லை.

ஐந்தாம் நாள்: ஏகாதசி

காற்று இறங்கிவிட்டது. காலையில் விட்டுப்போன வெட்டுகள். பிறகு வரைதல்.

இந்த ஊரில் பாக் நீரிணைப் பக்கத்தைப் பெண் கடல் என்றும் மன்னார் வளைகுடாப் பக்கத்தை ஆண் கடல் என்றும் சொல்வார்கள், ஒன்று அமைதி, மற்றது ஆர்ப்பாட்டம் என்று. வரைபவருக்கு அந்தப் பெயர்களில் பாதிதான் பயன்படும், ஏனென்றால் காற்று மாறினால் குணமும் மாறும். கச்சான் (தென்மேற்குக் காற்று) காலத்தில் மன்னார்ப் பக்கக் கரை அடிவாங்கும், வாடைக் காலத்தில் பாக் பக்கம். ஒரே ஒரு பயணத்தில் கிடைத்த கோடு ஆண்டின் கோடு ஆகாது. குறைந்தது மாசியிலும் ஆவணியிலும், முடிந்தால் கார்த்திகை கழிந்தும் நடக்க வேண்டும்.

ஒற்றைக் கருப்புக் கோடாகக் கரையைப் போடும் வழக்கத்தை இங்கே விட்டுவிட வேண்டியதுதான். அதற்குப் பதில் ஆண்டின் படங்களை ஒன்றன்மேல் ஒன்று அடுக்கி, ஒவ்வொரு கட்டமும் எத்தனை படங்களில் நிலமாக இருந்தது என்று எண்ண வேண்டும். மாதத்துக்கு இரண்டு என்று 24 படம் வைத்தால், 24இலும் நிலம் என்றால் அடர்த்தி, 12 என்றால் பாதி நிறம், 3 என்றால் நிழல் மாதிரி. நடந்து எடுத்த கோடு அதன்மேல் மெல்லிய கோடாக, தேதியோடு. இதில் தப்பு நடக்கும் இடம் மாதத் தேர்வு. ஐப்பசி, கார்த்திகையில் மேகம் மூடித் தெளிந்த படமே சிக்காது. பங்குனி, சித்திரையில் எடுத்துக் குவிக்கலாம். கிடைப்பதையெல்லாம் அள்ளிப் போட்டால், படம் கோடைக்காலக் கரையை ஆண்டு முழுவதற்கும் உரியதாகக் காட்டும். மாதக் கணக்கைக் கட்டாயமாகச் சமப்படுத்த வேண்டும். படமே இல்லாத மாதத்தை ஓரக்குறிப்பில் ஒப்புக்கொள்ள வேண்டும்.

மாற்றத்தைச் சொல்லும்போது பிழையைச் சேர்த்துக் கூட்டுவது எப்படி என்பதற்கு ஒரு கணக்கு. இரண்டு கோட்டுக்கும் தலா 10 மீட்டர் பிழை என்றால், இரண்டின் வர்க்கங்களைக் கூட்டி மூலம் எடுத்தால் 14 மீட்டர். இரண்டுக்கும் நடுவில் 12 மீட்டர் இடைவெளி தெரிந்தால், கரை நகர்ந்ததாகச் சொல்ல முடியாது. 40 மீட்டர் என்றால் சொல்லலாம். நுனிக்கு இந்தக் கோட்டுக் கணக்கைவிடப் பரப்புக் கணக்கு நியாயமானது: தூணுக்குக் கிழக்கே மொத்தம் எத்தனை ஹெக்டேர் மணல் என்று.

படத்தில் இரண்டு வகை மையும் வேண்டும். ஆணி, தூண், சாலை, தேவாலயம் கருப்பில். மணல், திட்டு, நீர்க்கோடு பழுப்பில். படத்தை எடுப்பவர் முதல் பார்வையிலேயே எதன்மேல் சாய்ந்து நிற்கலாம், எதன்மேல் கூடாது என்று பிரித்துவிட முடியும்.

ஓரக்குறிப்பில் எழுத வேண்டிய வரி: நடந்த நாள், தொடங்கிய மணி, முடித்த மணி, திதி, காற்றுத் திசை, நடந்த கோடு சருகா ஈர மணலா, ஆணியில் காலை மாலை வித்தியாசம், ஆணி இரண்டின் ஆள்கூறும் அவற்றுக்கு நடுவே நாடாவில் வந்த தூரமும், உயரம் ஆணி 10.00 என்று வைத்தது. கோப்பின் பெயரும் ஆண்டு, மாதம், நாள் என்ற வரிசையிலேயே தொடங்கட்டும். "புதியது", "கடைசி", "கடைசி திருத்தியது" என்று பெயரிட்ட கோப்புகள் அடுத்த வாடை முடிந்து வரும்போது யாருக்கும் புரியாது.

மாலைக்குள் முனையிலிருந்து எல்லோரும் வெளியேறிவிட வேண்டும். பஸ் ஏறுவதற்கு முன் இரண்டு ஆணிக்கும் நாடா பிடித்து, தூரத்தை இன்னொரு முறை ஏட்டில் குறித்தாயிற்று.